பி.பி. எண்டா ஆர்?

திருகோணமலையில, உள்துறைமுகக் கரைக்கு இறங்கிற சரிவில ஒரு சின்னத் தெரு இருக்குது. மேல் முனையில பிள்ளையார் கோயில், நடுவில பள்ளிவாசல், அடியில கடல். அந்தத் தெருவின்ர பேரைத் தெருக்காரர் ஒருத்தரும் வாயால சொல்லமாட்டினம். விலாசம் கேட்டால் "பி.பி. தெரு" எண்டுவினம். கலியாணக் கார்டிலயும் பி.பி. தெரு, மரண அறிவித்தலிலயும் பி.பி. தெரு. புதுசா வந்த தபால்காரர் ஒருத்தர் "இதென்ன, பிரஷர் தெருவோ?" எண்டு கேட்டு, நல்லா வாங்கிக் கட்டிக்கொண்டு போனவர்.

உண்மையான பேர் பீப்பாத்தெரு. இப்ப விளங்கியிருக்கும். பள்ளிக்கூடத்தில வாத்தியார் விலாசம் வாசிக்கேக்க, முதல் எழுத்தைச் சொல்லிப்போட்டு ஒருக்கா இருமினால் போதும், அந்தப் பிள்ளையின்ர கதை முடிஞ்சுது. பத்தாம் வகுப்பு மட்டும் மூக்கைப் பொத்திக்கொண்டு பின்னால திரிய ஒரு கூட்டம் இருக்கும்.

இதில வெக்கப்பட என்ன கிடக்கு, சொல்லுங்கோ. பீப்பாவும் போர்த்துக்கேயன் விட்டிட்டுப் போன சொல்லுத்தான். போர்த்துக்கேயன் விட்டிட்டுப் போன கதிரையில குந்துறம். அவன்ர அலுமாரிக்குள்ள உடுப்பு வைக்கிறம். அவன்ர குசினியில சோறு காய்ச்சுறம். அதுகளுக்கெல்லாம் வராத வெக்கம் பாவம் பீப்பாவுக்கு மட்டும் வந்திட்டுது.

இத்தனைக்கும் அந்தப் பேர் சும்மா வந்த பேரில்லை. பாய்க்கப்பல் காலத்தில இந்தத் துறைமுகத்துக்கு வாற கப்பலுக்கு முதல் தேவை தண்ணி. ஒல்லாந்தன் வந்தாலும், பிரெஞ்சுக்காரன் வந்தாலும், வெள்ளைக்காரன் வந்தாலும் நாக்கு வறண்டுதான் வருவான். கரையில தோண்டினால் உவர். சரிவில இருந்த ஒரு கிணறு மட்டும் இளநீர் மாதிரி. பீப்பா கட்டுற தச்சர் மேல் வளவுகளில இருந்தவை, தமிழ்ச்சனம். தண்ணி அள்ளி நிரப்பி, பீப்பாவை உருட்டி இறக்கி, வள்ளத்தில கொண்டுபோய்க் கப்பலில ஏத்தினது பள்ளிவாசலடிச் சோனகர். ஒருத்தரில்லாமல் மற்றவருக்குப் பிழைப்பில்லை. கோட்டையில கொடி மாறிக்கொண்டே இருந்தது. கிணத்தடியில நிண்ட ஆக்கள் மாறேல்லை.

அந்தக் கிணறு இப்ப பரீதாவின்ர வளவுக்குள்ள இருக்குது. பரீதா தெருமுனையில தையல்கடை வைச்சிருக்கிறவ. கையும் கெட்டி, வாயும் கெட்டி. கட்டாரில வேலை செய்யிற புருசன்கூடப் போனில அளந்துதான் கதைப்பார். தண்ணி அள்ளின வம்சம் தன்ர எண்டதில அவவுக்குத் தலைகொள்ளாத பெருமை. ஆனால் அவவும் மகள் பஸ்மியாவின்ர கலியாணக் கார்டில என்ன போட்டவ? பி.பி. தெருதான். ஊரோட ஒத்தோடு எண்டு சொல்லுறது இதைத்தான்.

இந்த நேரம் பாத்து, கரையோரத்தை அழகுபடுத்திற திட்டம் ஒண்டு வந்தது. நடைபாதை போட்டு, ஒவ்வொரு தெருமுனையிலயும் அந்தத் தெருவின்ர வரலாறைக் கல்லில வெட்டி வைக்கப்போகினமாம். விபரம் கேக்கத் தர்சிகா எண்ட பிள்ளை வந்தா. நல்ல பிள்ளை, வெயிலுக்குள்ள வீடு வீடாய் நடந்தவ. கடைசியில தெருச் சங்கத் தலைவர் சோமசேகரத்திட்ட வந்து, "பி.பி. எண்டா ஆர், ஐயா?" எண்டு கேட்டா.

சோமசேகரம் அரசாங்கக் கந்தோரில பெரிய கதிரையில இருந்து பென்சன் எடுத்தவர். இஸ்திரி மடிப்புக் குலையாத சேட்டுப் போட்ட மனுசன். அவர் வாயால அந்தச் சொல்லைச் சொல்லுறதோ? ஒருக்காச் செருமினார். "அவர் ஒரு பெரிய மனுசன், பிள்ளை" எண்டார். "முழுப் பேர்?" எண்டு தர்சிகா கேக்க, "பொன்னம்பலப்பிள்ளை" எண்டு வந்து விழுந்தது. வேற பேர் வாயில வரேல்லை.

அதுக்குப் பிறகு அந்தப் பொன்னம்பலப்பிள்ளை வளர்ந்த வளர்த்தியைச் சொல்லவேணும். பின்னேரம் பிள்ளையார் கோயில் கட்டினது அவர்தான் எண்டு ஆரோ சொல்லிச்சினம். அடுத்தநாள் பள்ளிவாசலுக்கு மரம் குடுத்ததும் அவர்தான் எண்டு தேத்தண்ணிக் கடையில ஒருத்தர் சத்தியம் பண்ணினார். வெள்ளிக்கிழமை வர முதல் அவருக்கு மீசையும் குதிரைவண்டியும் வந்திட்டுது. பொய் சொன்னாலும் பொருந்தச் சொல்லவேணும் எண்டு சும்மாவே சொன்னவங்கள்? ஒரு தெருவே கூடியிருந்து பொருத்திச்சுது. தங்களுக்கும் ஒரு பெரிய மனுசன் கிடைச்சிட்டார் எண்ட சந்தோசம், பாவங்கள்.

பரீதா கேள்விப்பட்டு முதலில சிரிச்சா. பிறகு, கிணறு வெட்டினதும் அவர்தானாம் எண்டு ஆரோ சொல்ல, கத்தரிக்கோலைத் துணியிலயே விட்டிட்டு எழும்பினா.

"என்ட மூத்தவங்க தோள் காய்ச்சு அள்ளின கிணத்த, பொறக்காத மனுசனுக்கு எழுதிக் குடுக்கிறாங்களா? இந்தா போறன் சேகரம் அண்ணன்ட்ட."

பஸ்மியா வாசலை மறிச்சுக்கொண்டு நிண்டாள். "உம்மா, கலியாணம் முடியும் மட்டும் வாயத் தொறக்காதீங்க. எனக்காக."

பஸ்மியா கேட்டதிலயும் ஞாயம் இருந்தது. மாப்பிள்ளை இன்பாஸ் கடலுக்கு அங்கால கிண்ணியாப் பக்கம். அங்க வழக்கம் தெரியும்தானே, கட்டினால் மாப்பிள்ளைதான் பெண்வீட்டுக்குக் குடிவரவேணும். நாளைக்கு இன்பாஸின்ர விலாசமும் இதுதான். கிண்ணியாவில பட்டப்பேர் வைக்கத் தொடங்கினால் மூண்டு தலைமுறைக்குப் போகாது. ஊர்வாயை மூட உலைமூடியா இருக்கு? மாப்பிள்ளை வீட்டார் முகம் சுழிச்சால், கூடிவந்த சம்பந்தம் கலைஞ்சால், மகளின்ர கதி என்ன? பரீதா கத்தரிக்கோலைத் திரும்ப எடுத்தா. "சரி மகள்" எண்டு சொல்லிப்போட்டு, திரும்பத் தையலில குந்தினா. அண்டைக்குத் தைச்ச சட்டைக்கையெல்லாம் கோணல்.

கல் வெட்ட முதல், எழுதினதை எல்லாருக்கும் வாசிச்சுக் காட்ட வேணும் எண்டு தர்சிகா தெருமுனையில கூட்டம் வைச்சா. தெரு முழுக்க வந்து நிண்டது. கேடுகாலத்துக்கு, மாப்பிள்ளையின்ர வாப்பா பக்கீரும் பந்தல் விசயம் கதைக்க அண்டைக்குத்தான் வந்திருந்தார். கிண்ணியாப் பாலம் கட்ட முதல் ஆக்களை வள்ளத்தில ஏத்தி இறக்கின மனுசன், அதிகம் பேசாத ஆள். பரீதாவுக்குப் பக்கத்தில ஒரு கதிரை போட்டு இருத்தியிருந்திச்சினம்.

தர்சிகா வாசிச்சா. "வள்ளல் பி. பொன்னம்பலப்பிள்ளை அவர்களின் நினைவாக இத்தெரு பெயர் பெற்றது. தாகத்துடன் வந்த கப்பல்களுக்காக அவர் தமது சொந்தச் செலவில் வெட்டுவித்த கிணறு..."

பரீதா சேலைத் தலைப்பை இறுக்கிப் பிடிச்சா. பல்லைக் கடிச்சா. மகளைப் பாத்தா. பஸ்மியா கண்ணாலேயே கெஞ்சினாள்.

"ஆருக்கும் ஏதும் மாத்தச் சொல்ல இருக்கோ?" எண்டு தர்சிகா கேட்டா. "கல்லில வெட்டினால் பிறகு மாத்த ஏலாது."

கல்லில வெட்டினால் ஏலாது. அந்தச் சொல்லுத்தான் பரீதாவை எழுப்பினது.

"அப்பிடி ஒரு மனுசன் இல்லை, மிஸ்" எண்டா. "இது பீப்பாத்தெரு."

முன்வரிசையில நிண்ட பிள்ளையள் களுக் எண்டு சிரிச்சுதுகள். பெரியவை நிலத்தைப் பாத்திச்சினம்.

"சிரிங்க. சிரிச்சு முடிங்க, நான் நிண்டு சொல்றன்" எண்டா பரீதா. "இந்தத் துறைமுகம் பெரிசு பெரிசு எண்டு உலகம் முழுக்கக் கதைக்குது. எதுக்குப் பெரிசு? பீரங்கிக்கா? பீரங்கி வைச்சிருந்தவன் எல்லாம் போயிட்டான். இங்க தண்ணி இருந்தது, அதால கப்பல் வந்தது. சேகரம் அண்ணன்ட மூத்தவங்க பலகையை வளைச்சுப் பட்டி அடிச்சாங்க, ஒரு சொட்டு ஒழுகாது. என்ட மூத்தவங்க அள்ளி நிரப்பினாங்க. ராசா எண்டாலும் கப்பல் கப்பித்தான் எண்டாலும் எங்கட தண்ணிக்கு வாயத் தொறந்துக்கிட்டுத்தான் இந்தக் கரையில நிண்டான். அந்தப் பேரைச் சொல்ல எங்களுக்கு வெக்கம். இல்லாத மனுசனுக்கு மீசை வைக்க மட்டும் வெக்கமில்லை."

சோமசேகரம் எழும்பினார். மனுசனின்ர காது சிவந்திருந்தது.

"அவ சொல்லுறது சரி, பிள்ளை" எண்டு தர்சிகாவிட்டச் சொன்னார். "பொன்னம்பலப்பிள்ளை என்ர வாயிலதான் பிறந்தவர். சின்ன வயசில பள்ளிக்கூடத்தில என்னைப் படுத்தின பாடு, இந்த வயசிலயும் அந்தச் சொல்லு எனக்கு வாயில வருகுதில்லை. குறை நினைக்காதைங்கோ."

தர்சிகா பேனையைத் திறந்தா. அப்பத்தான் பக்கீர் மெல்லச் செருமினார். பரீதா திடுக்கிட்டுத் திரும்பினா. கதைக்கேக்க இந்த மனுசனை மறந்தே போனவ.

"சம்பந்தி" எண்டார் பக்கீர். "அப்ப எங்களுக்கு ஏன் பி.பி. தெரு எண்டு சொன்னீங்க?"

"வெக்கத்தில, பக்கீர் நானா."

"என்ட மகன் இங்கதானே வந்து குடியிருக்கப் போறான். நாளைக்கு ஊர்ல அவனை என்னெண்டு கூப்பிடுவாங்க?"

ஊரையே வாயால ஆட்டிப்படைக்கிற பரீதா தலையைக் குனிஞ்சா. மகளின்ர வாழ்க்கையில மண்ணை அள்ளிப் போட்டிட்டனே எண்டு கண் கலங்கினது. நிமிந்து பாக்கவும் பயம்.

"பீப்பாத்தெரு மாப்பிள்ளை எண்டு கூப்பிடுவாங்க, மாமா."

சொன்னது பஸ்மியா. உம்மாவுக்குப் பக்கத்தில வந்து நிண்டாள். தலை குனியேல்லை.

"அது அவருக்கு ஏலாதெண்டா இப்பவே சொல்லச் சொல்லுங்க. உம்மாவ பேசவேணாம் எண்டு தடுத்தது நான்தான். அது பிழை. இது நான் பொறந்த தெரு. இதுக்கு வேற பேர் சொல்ல இனி எனக்கும் ஏலாது."

பக்கீர் அந்தப் பிள்ளையைப் பாத்தார். பிறகு அவற்ற வயிறு குலுங்கத் தொடங்கினது. மனுசன் சிரிக்கிறார்.

"மகள், கிண்ணியாவில இது பீப்பாத்தெரு எண்டு தெரியாதவன் ஆர் இருக்கான்? வள்ளத்த இந்தக் கரைக்கு விடுறெண்டா, 'பீப்பாவுக்குப் போறன்' எண்டுதான் என்ட வாப்பாவும் சொல்லுவார். அவங்கட தண்ணிய ஒருக்காக் குடிச்சா மறுபடி வரத்தான் வேணும் எண்டுவார். நீங்க பி.பி. எண்டு சொன்னீங்க. மரியாதைக்கு நாங்களும் பேசாம இருந்தம்."

தெரு ஆளையாள் பாத்தது. முழுப் பூசணிக்காயைச் சோத்தில மறைக்கலாம் எண்டு நினைச்சிருந்தால்கூடப் பரவாயில்லை. இவை ஒரு பீப்பாவை ரெண்டு எழுத்துக்குள்ள மறைச்சு வைச்சிருக்கிறம் எண்டல்லோ இவ்வளவு காலமும் நம்பினவை.

"அப்ப ஏன் நானா, அப்பிடி என்னைக் கேட்டீங்க?" எண்டா பரீதா.

பக்கீரின்ர சிரிப்பு நிண்டது. "பட்டம் வைச்சா வைக்கட்டும், அது பகிடி. தன்ட தெருப் பேருக்கே வெக்கப்படுற வீட்டில என்ட மகன் எப்பிடி நிமிந்து இருப்பான் எண்டுதான் எனக்கு யோசினை. கார்டு கண்ட நாளிலயிருந்து யோசினை." பஸ்மியாவைக் காட்டினார். "இனி இல்லை. அவள் சொல்லிட்டாள்."

பரீதா மகளின்ர கையைப் பிடிச்சா. பெத்த வயிறு நிறைஞ்சுபோச்சுது, அவ்வளவுதான்.

தர்சிகா எழுதி வைச்சிருந்ததைக் குறுக்கால வெட்டினா. "முதலாவது வசனம் என்னெண்டு போட?" எண்டு கேட்டா.

பரீதா வாயைத் திறக்க முதல் சோமசேகரம் ரெண்டடி முன்னுக்கு வந்தார். சேட்டை இழுத்து விட்டார். ஒருக்காச் செருமப் பாத்தார், பிறகு வேண்டாமெண்டு விட்டார்.

"பீப்பாத்தெரு எண்டு தொடங்குங்கோ, பிள்ளை" எண்டார்.

ஒருத்தரும் சிரிக்கேல்லை. அவருக்கு அது போதாமல் போச்சுதோ என்னவோ, இன்னும் கொஞ்சம் சத்தமாய், கடற்கரையில வலை இழுத்துக்கொண்டு நிண்டவையும் திரும்பிப் பாக்கிற மாதிரி, இன்னொருக்காச் சொன்னார்.