வண்டித்தடத்துக் கையெழுத்து

கதிர்வேலுக்கு அண்ணன் மேல் கோபம் வந்ததில் தப்பில்லை. அந்தக் கோபத்தைத் தூக்கிக்கொண்டு வக்கீல் வீட்டுக்குப் போனான் பாருங்கள், அதுதான் வினை.

இருபது வருஷத்துக்கு மேல் ரிக் வண்டியோடு ராஜஸ்தான், சத்தீஸ்கர் என்று ஆழ்துளைக் கிணறு போட்டுத் திரிந்தவன். ஒருவழியாக ஊரோடு வந்து, மகன் கௌதமனுக்கு வீடு கட்டலாமென்று தன் பங்கு விவசாயக் காட்டைச் சுற்றிக் கம்பிவேலி போட ஆரம்பித்தான். அண்ணன் ராசப்பன் குறுக்கே நின்று ஒரு காகிதத்தை நீட்டினார். தம்பி காட்டோரம் வண்டி போய்வர பத்தடி அகலத் தடத்தை அண்ணனுக்கு விட்டுக்கொடுத்ததாக எழுதி, கீழே 'கதிர்வேல்' என்று கையெழுத்து. அதை இவன் போடவே இல்லை.

திருச்செங்கோட்டு வக்கீல் நிமிர்ந்து உட்கார்ந்தார். "தடத்துக்குச் சிவில் கேஸ் போட்டா உங்க பேரன் காலத்துலதானுங்க தீர்ப்பு வரும். கள்ளக் கையெழுத்துன்னு போலீசுல எழுதிக் குடுங்க. உள்ள போயிருவோம்னு பயந்தே உங்கண்ணன் தடத்த விட்டுருவாரு."

சும்மா மிரட்டிப் பார்க்கத்தானே என்று இவனும் எழுதிக் கொடுத்தான். போலீசுக்குச் 'சும்மா' எல்லாம் தெரியாது. எஸ்.ஐ. அம்மா அன்றைக்கே கூப்பிட்டார்.

"நாளைக்குக் காலையில உங்க பழைய கையெழுத்து இருக்கற காகிதம் நாலஞ்சு கொண்டாங்க. ஒத்துப் பாத்துட்டு எஃப்.ஐ.ஆர். போட்டுருவேன். அப்புறம் உங்கண்ணனுக்கு ரிமாண்டுதான்."

வீட்டுக்கு வந்ததும் கதிர்வேல் பீரோவிலிருந்த காகிதப் பையைக் கவிழ்த்துப் போட்டுத் தேடினான். கௌதமனைப் பள்ளியில் சேர்த்த விண்ணப்பம், மார்க் அட்டைகள், கரண்ட் இணைப்புக்குக் கொடுத்த மனு. எல்லாவற்றிலும் 'கதிர்வேல்' இருந்தது. ஒன்றுகூட அவன் போட்டதில்லை. கௌதமனுக்கு ஒன்பது வயதில் குடல்வால் ஆபரேஷன் நடந்ததே, அந்தச் சம்மதச் சீட்டிலும் தந்தை என்ற இடத்தில் அதே கோணல் எழுத்து.

"இதெல்லாம் உங்கண்ணன் போட்டதுங்க," என்றாள் மனைவி ராசாத்தி. "ஆஸ்பத்திரியில பயத்துல தப்பா எழுதி, மறுபடியும் எழுதினாரு. நீங்க போனுலதான் இருந்தீங்க."

இருந்தான்தான். எப்போது கேட்டாலும் "நீயே போட்டுருண்ணா" என்பதுதான் அவன் பதில். தடத்தைப் பற்றியும் ஒருநாள் அண்ணன் கேட்டதும், அவசரத்தில் இவன் அதையே சொன்னதும் இப்போதுதான் ஞாபகம் வந்தது. வெட்கமாகப் போய்விட்டது.

மறுநாள் காலையில், போலீஸ் சொல்லியனுப்பியிருந்த ராசப்பன் அவனுக்கு முன்பே ஸ்டேஷனில் வந்து உட்கார்ந்திருந்தார். கையில் ஒரு மஞ்சப்பை. தம்பியைப் பார்க்காமல் சுவரையே பார்த்தார்.

எஸ்.ஐ. அம்மா தடக் காகிதத்தைத் தட்டிக் காட்டினார். "இது யாரு போட்ட கையெழுத்து?"

"எங்கண்ணன் போட்டதுங்க," என்றான் கதிர்வேல். "போடச் சொன்னது நானுங்க. நாந்தான் அதச் சொல்லாம எழுதிக் குடுத்துட்டனுங்க."

"அப்புறம் என்ன குத்தம் இருக்குது? அண்ணன் தம்பிக்குள்ள தடத் தகராறுன்னா சிவில் கோர்ட்டுக்குப் போங்க. என் உசுர எதுக்கு வாங்கறீங்க?" என்று வைதுவிட்டு, புகாரைத் திரும்பப் பெறுவதாக எழுதி வாங்கிக்கொண்டார்.

வெளியே வந்து கதிர்வேல் மஞ்சப்பையை வாங்கிப் பிரித்தான். ஒரு மாற்று வேட்டி, துண்டு, பதினைந்து நாளைக்கு எண்ணிப் போட்ட சர்க்கரை மாத்திரை.

"செயிலுக்கே கெளம்பி வந்துட்டியாண்ணா? ஒரு வக்கீலையாவது கூட்டிட்டு வரக்கூடாதா?"

"தடத்த உடமாட்டேன்டா. அதுக்கு உங்கூட எத்தன வருசம் வேணும்னாலும் சண்ட கட்டுவேன்," என்றார் ராசப்பன். "அதுக்குன்னு, எந்தம்பி பொய்யன்னு போலீசுகிட்டச் சொல்ல ஒரு வக்கீல வெக்கச் சொல்றியா சாமி?"

கதிர்வேல் பையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு, ஸ்டேஷன் வாசலென்றும் பாராமல் அழுதான்.