ரோசலினுக்கு ஒரு துண்டு

பாக்கியராஜுக்குப் பூட்டுப் பட்டறையில் வேலை. ஐம்பத்தெட்டாம் வருஷக் கிறிஸ்துமஸுக்கு முந்தின வாரம் கோட்டயத்துக்குச் சரக்கு கொண்டுபோனவன், திரும்பும்போது ஓர் அன்னாசிப் பழத்தோடு வந்தான். பழத்தை வீடு தின்று தீர்த்தது. கொண்டையைக் குப்பையில் போட மனம் வராமல் அவன் மனைவி ரோசலின் எடுத்து வைத்துக்கொண்டாள்.

"அத என்ன செய்யப் போறவ? தலையில சூடப் போறியா?" என்றாள் மாமியார் வியாகுலம்மாள்.

ரோசலின் கொண்டையை நாலு நாள் நிழலில் உலரவிட்டாள். அடி மடல்களைப் பிய்த்துவிட்டு, விளிம்பு உடைந்த தொட்டியில் மணலும் ஆட்டுப் புழுக்கையும் கலந்து நட்டு, கொல்லைச் சுவரின் நிழலில் வைத்தாள். ஒரு குடம் தண்ணீருக்குத் தெருவே முடியைப் பிடித்துக்கொள்ளும் திண்டுக்கல்லில் செடிக்கு நல்ல தண்ணீர் எங்கே கிடைக்கும்? அரிசி களைந்த தண்ணீர்தான். அதுவும் குருத்தில் ஒரு கையளவு. அதைக் குடித்தே அந்த முள்ளுச்செடி முறைத்துக்கொண்டு வளர்ந்தது.

வளராதது வேறொன்று. கல்யாணமாகி நாலு வருஷமாகியும் ரோசலினுக்கு ஒரு புழு பூச்சி தங்கவில்லை. இரண்டு தடவை நாள் தள்ளிப்போயிற்று. இரண்டு தடவையும் பத்தாம் நாளே ஆசையாக வெளியே சொன்னாள். இரண்டும் மாதம் முடியுமுன் போய்விட்டன. போனதைவிடப் பெரிய துன்பம், துக்கம் கேட்க வந்த தெருதான். எதிர்வீட்டுச் செபாஸ்தியம்மாள் அழுத அழுகையில், படுத்திருந்த ரோசலினே எழுந்து அவளுக்குக் காப்பி போட்டுக் கொடுத்துத் தேற்ற வேண்டியதாயிற்று.

இரண்டாவது தடவைக்குப் பிறகு வியாகுலம்மாளின் கோபம் செடிமேல் திரும்பியது. அன்னாசி கருவைக் கலைக்கும் என்பது அந்தத் தெருவில் பால்குடிப் பிள்ளைக்குக்கூடத் தெரியும்.

"இன்னும் பூவே விடலையே அத்தை. தின்னாத பழம் என்ன பண்ணும்?"

"அதோட காத்துப் பட்டாப் போதும்டி. புடுங்கிப் போடு."

ரோசலின் பிடுங்கவில்லை. சத்தம் போடாமல் சாதிக்கிற ரகம் அவள். மாமியார் மட்டும் லேசுப்பட்டவளா? மருமகள் வடமதுரையில் தாய்வீட்டுக்குப் போயிருந்த சமயம் பார்த்து, ஈரச் சருகைத் தொட்டியோரம் குவித்து நாலு நாள் மூட்டம் போட்டாள். புகையில் செடி கருகிவிடும், பழியும் தன்மேல் விழாது என்பது அவள் எண்ணம்.

செடி கருகவில்லை. ஒன்றரை மாதத்தில் குருத்துக்கு நடுவே செக்கச்செவேலென்று பூ எட்டிப் பார்த்தது. பாக்கியராஜ் அடுத்த முறை கோட்டயம் போனபோது, அம்மா மூட்டம் போட்டதையும் செடி பூத்ததையும் பழக்கடைக்காரரிடம் சொல்ல, அவர் விழுந்து விழுந்து சிரித்தாராம். "பூக்கலேன்னா புகை காட்டுவாங்களாம்மா. நீ தெரிஞ்சா செஞ்ச?" என்று வந்து கேட்டான். வியாகுலம்மாள் அன்றைக்கு முழுக்க ஜெபமாலையைக் கீழே வைக்கவில்லை. மறுநாள், கண்பட்டுவிடும் என்று தொட்டிக்கு முன்னால் ஒரு கரிச்சட்டியைக் கவிழ்த்துச் சுண்ணாம்புப் புள்ளியும் வைத்தாள்.

ஆறு மாதத்தில் காய் திரண்டு மஞ்சள் ஏறியது. வாசம் சுவர் தாண்டிப் போனது. ஊர்வாயை மூடினாலும் ஊர்மூக்கை மூட முடியுமா? "என்னைக்கு அறுக்கப் போறீக?" என்று கேட்காத ஆள் இல்லை. ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு அறுப்பது என்று பாக்கியராஜ் பறைசாற்றிவிட்டான்.

அந்த வாரம் பார்த்து ரோசலினுக்கு மூன்றாம் தடவையாக நாள் தள்ளிப்போயிருந்தது. பத்து நாள். இந்த முறை மூன்று மாதம் முடியும்வரை புருஷனிடம்கூட மூச்சு விடுவதில்லை என்று வைராக்கியமாக இருந்தாள். தன் கையால் வளர்த்த பழத்தைத் தின்னமாட்டேன் என்றால் காரணத்தை வேறு சொல்ல வேண்டுமா? அடுத்த நிமிஷமே தெரு கொண்டாடும். பிறகு துக்கம் கேட்க வரும். தின்னலாம் என்றாலோ பயம். ஒரு துண்டு என்ன செய்துவிடும் என்று புத்தி சொல்லத்தான் செய்தது. ஏங்கிக் கிடந்த மனசு அதைக் கேட்கவில்லை.

"முதல் பழம், முழுசாக் கோயிலுக்கே குடுத்திருவோமே" என்று சொல்லிப் பார்த்தாள்.

"பாதி கோயிலுக்கு, பாதி நமக்கு. ரெண்டு வருசம் நீ பட்ட பாடு சாமிக்குத் தெரியாதா?" என்றான் அவன்.

ஞாயிற்றுக்கிழமை நாலு வீட்டுப் பெண்கள் கூடத்தில் உட்கார்ந்தார்கள். பாக்கியராஜ் முள்கண்களைச் செதுக்கித் துண்டு போட்டான். செபாஸ்தியம்மாள் முதல் துண்டை எடுத்து ரோசலின் கையில் வைத்தாள்.

"நட்டவ மொதல்ல தின்னட்டும். அப்பறந்தான் நாங்க."

அத்தனை கண்ணும் அவள் வாயையே பார்த்தன. சாறு மணிக்கட்டில் வழிந்தது.

"கொண்டா இங்க!" வியாகுலம்மாள் எட்டி அந்தத் துண்டைப் பறித்தாள். "நான் புகை போடலேன்னா இது பூத்திருக்குமா? மொதத் துண்டு எனக்குத்தான்." சொல்லிக்கொண்டே வாயில் போட்டுக்கொண்டாள்.

செபாஸ்தியம்மாள் விடவில்லை, இன்னொரு துண்டை நீட்டினாள். அதையும் கிழவி வாங்கிக்கொண்டாள்.

"என்னக்கா இது? வளத்த புள்ளைக்கு ஒரு துண்டு குடுக்கப்படாதா?"

"குடுக்க முடியாது. என் வீட்டுப் பழம், நான் திங்கேன். ஒனக்கென்ன வலிக்குது?"

பெண்கள் முகத்தைச் சுளித்தார்கள். தங்கள் பங்கைத் தின்றார்கள், எழுந்து போனார்கள். தெருக்கோடி போய்ச் சேருமுன், மருமகள் வாயிலிருந்து பிடுங்கித் தின்ற மாமியார் என்று வியாகுலம்மாளுக்குப் பெயர் கிடைத்துவிட்டது. பாக்கியராஜுக்கே அம்மாமேல் வருத்தம். கோயில் பாதியை எடுத்துக்கொண்டு கிளம்பினான்.

ரோசலின் தட்டுகளைக் கழுவக் கொல்லைக்குப் போனாள். வியாகுலம்மாள் அங்கே நின்று வாய் கொப்புளித்துக்கொண்டிருந்தாள். நாக்கு வெந்து சிவந்திருந்தது.

"ரொம்ப எரியுதா அத்தை?"

"எரிஞ்சா எரியட்டும்." இன்னொரு வாய்த் தண்ணீரைத் துப்பிவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "யார்ட்டயும் மூச்சு விட்றாத. அந்தப் பயகிட்டயும் இப்பச் சொல்லாத. இன்னையோட பதினோரு நாளுதான ஆச்சு?"

"பத்து, அத்தை."

"பதினொண்ணு."

ரோசலின் தட்டைக் கீழே வைத்துவிட்டு விரல்விட்டு எண்ணினாள். அத்தை சொன்னதுதான் சரி. இத்தனை வருஷமும் இந்த வீட்டில் தான் ஒருத்திதான் நாளை எண்ணிக்கொண்டிருப்பதாக அவள் நினைத்திருந்தாள்.