இடப்பக்கச் சங்கிலி

சங்கிலி திரையில் நன்றாகவே தெரிகிறது என்று யுவன் சொன்ன பிறகுதான் குமரகுருவுக்குப் பயம் வந்தது. அதுவரை எரிச்சல் மட்டும்தான் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாடு முடிந்திருந்தது. செவிலிமேட்டில் அவர்கள் குடியிருக்கும் மாடி வீட்டின் கூடத்தில், யுவன் தலையணையைத் தரையில் போட்டு ஒருக்களித்துப் படுத்திருந்தான். குமரகுருவின் மனைவி அகிலாவின் தம்பி. ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு கம்பெனியில் வேலை. வாரத்துக்கு ஒரு நாள் அக்கா வீட்டுக்கு வருவான். புது வீடியோ கேம் மெஷின் வாங்கியபோது பழையதைக் கொண்டுவந்து இந்த டிவியில் மாட்டி, இந்த விளையாட்டையும் குமரகுருவின் தலையில் கட்டியவன் அவன்தான்.

பாழடைந்த ஒரு கோட்டை. கையில் வாளோடு ஒருவன் வாசல் வாசலாக உள்ளே போகவேண்டும். வாசலுக்கு ஒரு காவலன். செத்தால் மறுபடி அந்த வாசலில் இருந்து தொடங்கவேண்டும். முதல் இரண்டு காவலர்களைக் குமரகுரு கஷ்டப்பட்டுத் தாண்டிவிட்டான். மூன்றாமவன்தான் மணிக்காரன். தோளில் பெரிய வெண்கல மணி. திரையின் வலப்பக்கக் கையில் கோடரி, இடப்பக்கக் கையில் சங்கிலி. எதை வீசுவதானாலும் முன்னால் மணி ஒருமுறை அடிக்கும், இரண்டுக்கும் ஒரே ஓசை. காதை நம்பிப் பிரயோஜனமில்லை. பார்த்துத்தான் உருண்டு தப்பவேண்டும்.

கோடரிக்கு அவன் சாவதே இல்லை. சங்கிலிக்கு மட்டும் சாகிறான். வாரக்கணக்காகச் சாகிறான்.

யுவன் போனிலேயே பாடம் எடுத்திருந்தான். கனமான கவசத்தைக் கழற்று மாமா, அதைப் போட்டுக்கினு உருண்டா ஆமைதான். பின்னால உருளாத, அவன் காலுக்குள்ள உருளு. ரெண்டு அடி அடிச்சா போதும், மூணாவதுக்கு ஆசப்படாத. கோடரி தரையில குத்திக்கினு நிக்கிற நேரத்துல மருந்த குடி. எல்லாவற்றையும் குமரகுரு செய்தான். வாசலுக்கு வெளியே திரியும் ஓநாய்களைக் கொன்று கொன்று பலத்தையும் ஏற்றிக்கொண்டான். கடைசியாக யுவன் சொன்னதுதான் எல்லாவற்றுக்கும் தலையானது. "செத்த உடனே திரும்ப ஓடாத மாமா. எதுல செத்தோம்னு தெரிஞ்சிக்கினு அப்பறமா ஓடு. அது தெரியாம போனா ஆயுசுக்கும் அங்கயேதான்."

இன்று யுவன் கண் முன்னாலேயே குமரகுரு செத்தான். மணி அடித்தது. மணிக்காரனின் மார்பைப் பார்த்தபடி காத்திருந்தான். திடீரென்று உடம்பு இரண்டாக மடிந்து விழுந்தது.

"எங்க இருந்து வந்துச்சுன்னே தெரில மச்சான்."

யுவன் சிரித்தான். "விளையாடாத மாமா. சங்கிலி செவசெவன்னு எரிஞ்சிக்கினு தலைக்கு மேல சுத்துது. டீ குடிச்சிட்டு வந்து உருளலாம், அவ்ளோ டைம் குடுக்கறான்."

"எங்கடா எரியுது?"

"இன்னா மாமா, இந்தப் பக்கம்தான். இங்க." யுவன் படுத்தபடியே கையை நீட்டிக் காட்டினான்.

அந்தக் கையைப் பார்க்கக் குமரகுரு தலையைத் திருப்ப வேண்டியிருந்தது.

யுவன் அதைக் கவனிக்கவில்லை. எழுந்து உட்கார்ந்து, மெஷின் பதிவுசெய்து வைத்திருந்த கடைசி நிமிடத்தைத் திரும்ப ஓட்டினான். ஓட்டுவதற்கு முன் திரையின் இடது மூலையில் விரலை வைத்து, "இங்க பாரு" என்றான். குமரகுரு அங்கே பார்த்தான். மணி அடித்தது. சங்கிலி கிளம்பியது. பழுக்கக் காய்ந்த இரும்பு போலச் சிவந்து, இடப்பக்கத்தில் பெரிய வட்டமாக ஒரு சுற்று, இன்னொரு சுற்று. தெருவில் போகிறவனுக்குக்கூடத் தெரியும். திரையில் அவன் ஆள் அசையாமல் நின்றுகொண்டிருந்தான். அப்புறம் மடிந்து விழுந்தான்.

"அதோட உன் உயிரப் பாரு" என்றான் யுவன். மேலே இடது மூலையில் சிவப்புக் கோடு நூலிழையாக இருந்தது. "இவ்ளோதான் இருக்குது. இடுப்புல மருந்து நிறைய வச்சிக்கினு குடிக்காம நிக்கிறியே. கஞ்சனா நீ?"

குமரகுரு திரையைக் காட்டினான். "இன்னொரு தடவ போடு" என்றான்.

இந்த முறை அவன் மூலையைப் பார்க்கவில்லை. எப்போதும் போல மணிக்காரனின் மார்பைப் பார்த்தான். மணி அடித்தது. சங்கிலி வரவில்லை. ஆள் மடிந்து விழுந்தான்.

"இன்னொரு தடவ."

மார்பைப் பார்த்தான். சங்கிலி இல்லை. மூலையைப் பார்த்தான். சங்கிலி இருந்தது.

குருட்டுத்தனம் என்றால் இருட்டு என்றுதான் அவன் இதுவரை நினைத்திருந்தான். இங்கே இருட்டு இல்லை. கறை இல்லை, ஓட்டை இல்லை. டிவியும் சுவரும் காலண்டரும் முழுசாகத்தான் இருந்தன. முழுசாக இருந்த அந்த உலகத்தில் சங்கிலி மட்டும் இல்லை. இல்லாமல் போனது எது என்று எப்படிக் கண்டுபிடிப்பது? இல்லாதது தன்னை இல்லை என்று சொல்லிக்கொள்ளாது.

சமையலறையில் அகிலா பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டது. மகள் திரிஷா உள்ளறையில் பொம்மையை ஏதோ அதட்டிப் பேசிக்கொண்டிருந்தாள். யுவன் போனைத் தடவிக்கொண்டிருந்தான். குமரகுரு கண்ட்ரோலரை மடியில் வைத்தபடி சோபாவில் உட்கார்ந்திருந்தான்.

ஒவ்வொன்றாக வந்தன. அவன் கூப்பிடாமலே வந்தன.

போன முகூர்த்தத்தில் ஒரு கல்யாணப் பந்தி. பரிமாறிய பையனிடம் ஊறுகாய் வைக்கவில்லை என்று சத்தம் போட்டான். பையன் வைத்துவிட்டுப் போனான். கொஞ்ச நேரம் கழித்து மறுபடி சத்தம் போட்டான். பக்கத்து இலையில் இருந்த பெரியப்பா மகன் லோகேஸ்வரன், "மூணு பேருக்கு வேண்டியத வாங்கி வச்சிக்கினு கத்துறியே, கண்ணத் தொறந்து பாருப்பா" என்றான். இலையின் இடது ஓரத்தில், உப்புக்குப் பக்கத்தில், ஊறுகாய் குன்று மாதிரி குவிந்திருந்தது. பந்தியே சிரித்தது. அவனும் சிரித்தான்.

நிலைப்படியில் இடித்து இடித்து இடது தோளில் ஆறாமல் இருக்கும் கன்றிப்போன தடம். "வீடு மாறி இத்தனை மாசமாச்சு, இன்னும் வாசப்படி எங்க இருக்குதுன்னு தெரில உங்களுக்கு" என்று அகிலா மஞ்சள் பற்றுப் போட்டாள்.

வேலையில் ஏன் தெரியவில்லை? அதற்கும் பதில் தானாக வந்தது. பிள்ளையார்பாளையத்தில் ஒரு பட்டுக் கடைக்காரரிடம் அவன் சேலை டிசைன் போடுகிறான். மயிலோ யாளியோ எதுவானாலும் கம்ப்யூட்டரில் பாதி வரைந்தால் போதும். மறுபாதியைக் கம்ப்யூட்டரே திருப்பிப் போட்டுக்கொள்ளும். அவன் எப்போதும் வலது பாதியைத்தான் வரைகிறான். முதலில் அப்படியில்லை. எப்போது மாறினான் என்று யோசித்தான். நினைவில்லை.

கடைசியாக வந்ததை அவன் வரவிடாமல் தள்ளிப் பார்த்தான். முடியவில்லை.

பாலாற்றுப் பாலம் ஏறுகிற இடம். காலை வெயில். ஸ்கூட்டரில் திரிஷா முன்னால் நின்றுகொண்டிருந்தாள். சைக்கிளில் போன ஒரு அம்மா சட்டென்று ஸ்கூட்டரின் இடது ஹேண்டில்பாரில் மோதி விழுந்தாள். முழங்கை தோல் உரிந்து ரத்தம். எங்கிருந்து வந்தாளென்றே தெரியவில்லை. வண்டியை நிறுத்தி, "கண்ணு தெரியாதா உனக்கு?" என்று அவன்தான் கத்தினான். அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். வண்டியைக் கிளப்பிக் கொஞ்ச தூரம் போனதும் திரிஷா சொன்னாள்: "அப்பா, அவங்க அங்கயேதான் ரொம்ப நேரமா போய்க்கினு இருந்தாங்க." சும்மா இரு என்று அவளையும் அதட்டினான்.

பஸ்ஸும் லாரியும் போகிற பாலம் அது. அன்று சைக்கிளாக இருந்தது.



"இன்னா மாமா, தியானமா? அவன் பாவம், மணியத் தூக்கிக்கினு எவ்ளோ நேரம் நிப்பான்" என்றான் யுவன்.

தலைவலியோ தூக்கக் கலக்கமோ காரணமாக இருக்கலாம். நாள் முழுக்க கம்ப்யூட்டர் பார்க்கிற கண், களைத்திருக்கும். இந்தச் சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ள ஒரு வழி இருந்தது. மணிக்காரனைப் பார்க்கக் கூடாது. திரையின் இடது விளிம்பை மட்டும், அந்த உயிர்க்கோடு தொடங்குகிற இடத்தை மட்டும் பார்த்தபடி ஆடவேண்டும். அப்போது திரை முழுக்க அவன் பார்வையின் வலப்பக்கத்தில் விழும். அப்படியும் செத்தால், அவன் வெறும் மோசமான ஆட்டக்காரன். நாளைக்கும் வண்டி ஓட்டலாம்.

வாசலுக்குள் போனான். இத்தனை நாளில் முதன்முறையாக, தோற்றுவிட வேண்டும் என்று வேண்டிக்கொண்டு போனான். ஏகாம்பரநாதா, கொன்றுவிடு.

மணி அடித்தது. இடது விளிம்பை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. சங்கிலி வந்தது. யுவன் சொன்னது போலவே, டீ குடித்துவிட்டு வருகிற அளவுக்கு நேரம் கொடுத்து, சோம்பலாக, பெரிதாக, சிவப்பாக வந்தது. குமரகுரு அதற்குள் உருண்டு மணிக்காரனின் காலடியில் எழுந்தான். இரண்டு அடி. விலகினான்.

"ஆங்! அப்படிப் போடு!" யுவன் நிமிர்ந்து உட்கார்ந்தான். "இத்தன நாளா இத எங்க ஒளிச்சி வச்சிருந்த?"

கோடரி. உருண்டான். இரண்டு அடி. சங்கிலி. உருண்டான். தப்பாக உருள நினைத்தான், விரல் கேட்கவில்லை. வாரக்கணக்காகச் செத்துப் பழகிய விரல்களுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. அவற்றுக்குத் தெரியாமல் இருந்தது ஒன்றே ஒன்றுதான், இப்போது அதையும் காட்டிக்கொடுத்துவிட்டான். உயிர்க்கோடு பாதியானது கண்ணெதிரே தெரிந்தது. கோடரி தரையில் குத்தி நின்ற நேரத்தில் மருந்தைக் குடித்தான்.

"மாமா, நீ எங்க பாக்குற? அவன் இங்க இருக்கான், நீ சுவத்தப் பாத்துக்கினு ஆடுற!"

"பேசாம இருடா."

மணிக்காரன் ஒரு முழங்காலை ஊன்றினான். இன்னும் கொஞ்சம்தான். கண்ட்ரோலரைக் கீழே போட்டுவிடலாம் என்று நினைத்தான். போட்டுவிட்டால் தெரியாமலே போகும். தெரியாமல் எத்தனை நாள் பாலம் ஏறுவது? திரிஷாவின் இரட்டைச் சடை அவன் தாடைக்குக் கீழே ஆடிக்கொண்டிருக்கும். அவள் எப்போதும் பாடிக்கொண்டே வருவாள்.

சங்கிலி கடைசி முறையாக எழுந்தது. பார்த்தான். உள்ளே உருண்டான். அடித்தான்.

மணி தோளிலிருந்து கழன்று, பெரிய ஓசையோடு தரையில் விழுந்து உருண்டது. திரை பொன்னிறமானது. யுவன் குதித்து எழுந்து விசிலடித்தான். "அக்கா! மாமா மணிக்காரன முடிச்சிட்டாருக்கா! பார்ட்டி குடுக்கச் சொல்லு!" திரிஷா ஓடிவந்து தன் பங்குக்குக் குதித்தாள்.

குமரகுரு அசையவில்லை. எதில் செத்தோம் என்று தெரிந்துவிட்டது. இந்தக் கையை நம்பித்தான் வேலை, இந்தக் கண்ணை நம்பித்தான் கை. இது இத்தோடு நிற்குமா, மற்றப் பக்கத்துக்கும் நடந்து வருமா? எந்த டாக்டரிடம் போய்க் காட்டுவது, தன் தலைக்குள் என்ன இருப்பதாக அவர் சொல்லுவார்? சொல்லாமல் இருந்துவிட்டால் இன்றைய சாயங்காலம் வழக்கம் போலத்தான் இருக்கும். காபி வரும். யுவன் பஸ் ஏறுவான்.

"பாப்பா சிலம்பம் கிளாஸுக்கு நேரமாச்சு" என்று அகிலாவின் குரல் கேட்டது. "ஜெயிச்சாச்சு இல்ல, கிளம்புங்க."

"ம்."

"ம் இன்னா ம்? எவ்ளோ நேரமா வண்டிச் சாவிய நீட்டிக்கினு நிக்கிறேன். மணிக்காரன அடிச்ச கைக்குச் சாவி வாங்க முடியாதா?"

மெல்லத் தலையைத் திருப்பினான். ஒன்றுமில்லாத இடத்திலிருந்து, முதலில் சாவி வந்தது. அப்புறம் ஈரம் காயாத விரல்கள். அப்புறம் அகிலா. அவனிடமிருந்து ஒரு முழத் தூரத்தில், சோபாவின் இடப்பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள்.

அவன் சாவியை வாங்கவில்லை.

"சாவி உங்கிட்டயே இருக்கட்டும் அகிலா."

"ஏன், ஒடம்பு சரியில்லையா?"

யுவன் விசிலை நிறுத்தினான். திரிஷா சிலம்பக் கழியோடு வாசலில் நின்றாள்.

"அன்னிக்கு பாலத்துகிட்ட ஒரு அம்மா விழுந்தாங்களே" என்றான். "அவங்க மேல தப்பு இல்ல. பாப்பா சொன்னதுதான் நெஜம். அவங்க அங்கயேதான் போய்க்கினு இருந்திருக்காங்க."

"அதுக்கு இப்ப இன்னா?"

"நீ இங்க நின்னது எனக்குத் தெரில."

அகிலா சிரிக்கப் போனாள். அவன் முகத்தைப் பார்த்ததும் பாதியில் நின்றது.

திரையில் அடுத்த வாசல் திறந்து காத்துக்கொண்டிருந்தது. பிறகு அகிலா அவன் தாடையைப் பிடித்து, குழந்தைக்குத் திருப்புவது போல முகத்தை நேராகத் திருப்பினாள்.

"நேராப் பாருங்க. தலைய ஆட்டாதீங்க." அவள் குரல் இறங்கியிருந்தது. "இப்ப என் கை தெரியுதா?"

குமரகுரு நேராகப் பார்த்தான். டிவி இருந்தது. சுவர் இருந்தது. காலண்டர் இருந்தது. எதுவும் குறையவில்லை.

இடது காதுக்குப் பக்கத்தில் வளையல்கள் ஆடும் சத்தம் கேட்டது. மேலும் கீழுமாக, மேலும் கீழுமாக, நிற்காமல்.