பாண்டியராஜ் மேல் தப்பில்லை

வேடசந்தூர்ப் பக்கம் ஒரு நூல்மில்லில் பாண்டியராஜ் ஃபிட்டர். அங்கே மெஷின் கதவைத் திறந்தால் ஓட்டம் தானாக நின்றுவிடும். அதற்கென்றே ஒரு சுவிட்ச் உண்டு. அடைத்த பஞ்சை எடுக்கக் கதவைத் திறக்கும்போதெல்லாம் மெஷின் நின்றால் உற்பத்தி என்னாவது? அதனால் சுவிட்சை அமுக்கி டேப் சுற்றிவிடுவது எல்லா ஷிப்டிலும் வழக்கம். யாரும் சொல்லித் தரவில்லை, யாரும் தடுக்கவும் இல்லை. அப்படி அவன் சுற்றிவிட்ட மெஷினில்தான், அதை ஓட்டிக்கொண்டிருந்த அன்னாளின் வலது கையில் இரண்டு விரல்கள் போயின.

அன்று சாயங்காலமே அந்த டேப் காணாமல் போனது. கழற்றியது யாரென்று யாருக்கும் தெரியாதாம். தொழிலாளியின் கவனக்குறைவு என்று ஆபீசில் பேச்சு. விசாரணையில் அது உறுதியானால் அன்னாளுக்கு வேலை போய்விடும்.

அவனுக்குச் சோறு இறங்கவில்லை. சூப்பர்வைசர் அருளப்பனிடம் போய், "சுத்துனது நாந்தேன் சார்" என்றான்.

"நீ என்னப்பா செய்வ? மேல இருந்து ஓட்டு ஓட்டுங்கிறாக. அவுகளும் என்ன செய்வாக, ஆர்டர் அப்புடி" என்றார் அவர்.

வீட்டில் மனைவி மணிமேகலை, "அம்புட்டுப் பேருந்தான் சுத்துறாக. அந்தக்கா நேரம், ஒங்க தலையில விடியுது" என்றாள்.

என்ன ஊரய்யா இது! கைமாத்தாகக் கேட்டால் ஒரு கிலோ வெங்காயம் பெயராது. சாக்குப்போக்கை மட்டும் கேட்காமலே ஆளுக்கொரு கை அள்ளித் தருகிறார்கள். வாங்கிக்கொள்ள அவனுக்கும் இதமாகத்தான் இருந்தது. சாப்பிட உட்கார்ந்தால்தான் கட்டுப்போட்ட அந்தக் கை கண்ணில் வந்து நின்றது.

விசாரணைக்கு முந்தின நாள் அன்னாள் வீட்டுக்குப் போனான். அவள் இடது கையால் மகளுக்குச் சடை பின்னப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, சுத்துனது நாந்தேன். மன்னிச்சிருங்க" என்று அழுதேவிட்டான். அழுததும் மனசு லேசானது.

"தெரியும் தம்பி" என்றாள் அன்னாள். "இத நாளைக்கு அங்க வந்து சொல்லு."

அழுகை சட்டென்று நின்றது. "அக்கா, எனக்கு ரெண்டு பிள்ளைக இருக்குல்ல..."

"எனக்கும் ரெண்டுதேன்" என்றாள். சரியாக வராத பின்னலை அவிழ்த்துவிட்டு மறுபடி ஆரம்பித்தாள்.

மற்ற சாக்கெல்லாம் ஊர் கொடுத்தது. இது அவன் சொந்தச் சரக்கு. வெட்கம் அவனைப் பிடுங்கித் தின்றது.

மறுநாள் விசாரணையில் அருளப்பன் மேசைக்கடியில் அவன் காலை மிதித்தார். பாண்டியராஜ் எழுந்து, "டேப் சுத்துனது நான்" என்றான்.

அதற்குப் பின்னால் ஓர் 'ஆனா' வரும் என்று எல்லோரும் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் உட்கார்ந்துவிட்டான்.