வெளியே அனுப்பியவள்

“ஒரு ஸ்ட்ரா மட்டும் வாங்கிட்டு வந்துடுடா,” என்று ஆஸ்பத்திரிக் கட்டிலருகே இருந்த தம்பியின் தோளைத் தட்டினாள் அக்கா. காலையிலிருந்து இது நான்காவது தடவை.

“இப்பத்தானே வந்தேன். அம்மா தண்ணியே குடிக்கலையே, ஸ்ட்ரா எதுக்கு?”

“குடிப்பாங்க. போடா.”

அவன் லிஃப்ட் மெக்கானிக். இரண்டு நாளாக வேலைக்குப் போகவில்லை. நகக்கண்ணில் கிரீஸ் மட்டும் போகாமல் இருந்தது. அம்மாவின் கையை மனமில்லாமல் விட்டுவிட்டுப் போனான்.

அம்மா மறுபடி முனக ஆரம்பித்தாள். நேற்றிலிருந்து இதே பேச்சுதான். “துண்டுல சுத்தி... இத்தனூண்டு... அழவே இல்ல...”

காலையில் அவன் குனிந்து, “யாரைக்கா சொல்றாங்க?” என்று கேட்டபோது அக்கா முந்திக்கொண்டாள். “ஏதோ பழைய கதைடா. டாக்டர் வந்தாச்சான்னு பாரு.” அதிலிருந்து அம்மாவின் உதடு அசையும்போதெல்லாம் அவனுக்கு ஒரு வேலை சொன்னாள்.

அவளுக்கு ஒன்பது வயதில் அம்மாவும் அப்பாவும் ஒரு குழந்தையைத் துண்டில் சுற்றித் தூக்கி வந்தார்கள். “இவன் உன் தம்பி. யார் கேட்டாலும் நம்ம வீட்டுல பொறந்தவன்,” என்றாள் அம்மா. அந்த மாதமே வீடு மாற்றினார்கள். மூன்று வருஷம் கழித்து அவனோடு ஏதோ சண்டையில், “நீ ஒண்ணும் எங்க...” என்று ஆரம்பித்தவளின் வாயிலேயே அம்மா ஒன்று வைத்தாள். ஆயுளில் வாங்கிய ஒரே அடி. மிச்ச வார்த்தையை அன்று விழுங்கியவள்தான். இப்போது அப்பாவும் இல்லை. அம்மாவும் போய், அவனுக்கும் தெரிந்துவிட்டால், அவன் எதற்காகத் தன்னை அக்கா என்று கூப்பிட வேண்டும்?

அம்மா கண்ணைத் திறந்தாள். தெளிவாகவே கேட்டாள்.

“குட்டி எங்க?”

“வந்துடுவான்மா. கீழதான் போயிருக்கான்.”

அம்மா கதவையே பார்த்தாள். அக்காவும் பார்த்தாள். திரும்பியபோது அம்மாவின் மார்பு ஏறவில்லை.

அவன் வந்தபோது நர்ஸ் அம்மாவின் ஆக்ஸிஜன் மாஸ்க்கைக் கழற்றிக்கொண்டிருந்தாள். ஸ்ட்ராவைக் காகித உறையோடு கையில் பிடித்தபடி கட்டிலருகே நின்றான்.

“என்னைக் கேட்டாங்களா?”

பொய் சொல்ல வாய் வரவில்லை. “கேட்டாங்க.”

அவன் நாற்காலியில் உட்கார்ந்தான். “நான் வேலைக்குச் சேர்ந்த வருஷமே அம்மா எங்கிட்ட சொல்லிட்டாங்கக்கா. துண்டு, வீடு மாத்தினது, எல்லாம். எனக்குத் தெரியும்னு உனக்குத் தெரியவேண்டாம்னாங்க. நீ பயந்துப்பியாம். அதான் காலையிலகூடத் தெரியாத மாதிரி கேட்டேன்.”

அக்கா கையைப் புடவைத் தலைப்பில் சுருட்டிக்கொண்டாள்.

“அதுக்குத்தான் அனுப்பினியா?”

அவள் அம்மாவின் போர்வையை இழுத்துச் சரிசெய்தாள். அவன் மறுபடி கேட்கவில்லை. கேட்காததுதான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது.

“மோதிரத்தைக் கழட்டிடுங்க,” என்றாள் நர்ஸ். “விரல் வீங்கியிருக்கு. வரலைன்னா வெட்டித்தான் எடுக்கணும்.”

அவன் எழுந்துபோய் சோப்பை ஈரமாக்கிக்கொண்டு வந்தான். அக்கா அம்மாவின் மணிக்கட்டைத் தாங்கிப் பிடித்துக்கொண்டாள். அவன் நுரையைத் தடவி மோதிரத்தைத் திருப்பினான்.

“மெதுவாடா, வலிக்கப்போகுது,” என்றாள் அவள்.

அவன் நிமிர்ந்து அவளைப் பார்த்தான்.

“சரிக்கா,” என்றான். இன்னும் மெதுவாகத் திருப்பினான்.