பிளேடு மாமாவும் சலிப்பில் ஊறும் மந்திரமும்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை எனக்கு ஒரு பேருந்தில் கிடைத்தது. பக்கத்து இருக்கைக்காரர் தன் வீட்டுக் குழாய் சொட்டுவதைப் பற்றி வழியெல்லாம் பேசினார். காது புளித்தது, கண் சொருகியது. இறங்கிய பிறகு பார்த்தால், மாதக்கணக்காக இல்லாத தெம்பு உடம்பில்!

அப்போதே பிடித்துக்கொண்டேன். மாயக் கதைகளில் மந்திரசக்தி தீர்ந்தவர்கள் ஏன் எப்போதும் ஒரு குப்பி மருந்தைக் குடித்தே தேற வேண்டும்? என் உலகத்தில் சக்தி சலிப்பில்தான் ஊறும். சலிக்கச் சலிக்க ஊறும். ஆகா! சாப்பாடு ஆறுவதைக்கூடக் கவனிக்காமல் எழுத உட்கார்ந்தேன்.

2

"முன்னொரு காலத்தில் ஒரு கோட்டையில் ஒரு மந்திரவாதி—"

வேண்டாம். அவ்வளவு பெரிய கோட்டையை யார் பெருக்குவது?

மீட்புத் துறை அலுவலகத்தின் பின்பக்கம் ஓர் அறை. சுவர் பழுப்பு, நாற்காலி பழுப்பு. ஜன்னல் கிடையாது. இடிபாடுகளை மந்திரத்தால் தூக்கும் மீட்புக்காரி, சக்தி தீர்ந்ததும் இங்கேதான் வந்து உட்காருவாள். எதிரே பிளேடு மாமா. பேசிப் பேசி அறுப்பதற்கென்றே அரசாங்கம் சம்பளம் கொடுத்து வைத்திருக்கும் மனிதர். கதவுக் கீலுக்கு எண்ணெய் விடுவது பற்றி அவர் ஆரம்பித்தால் போதும், அவள் மணிக்கட்டில் கட்டிய கண்ணாடிக் குழாயில் சக்தியின் நீலம் கிடுகிடுவென்று ஏறும்.

(அடிக்குறிப்பில் போக வேண்டியது: தீயணைப்புத் துறை மாமாவை இரவல் கேட்டது. கொடுக்க மறுத்துவிட்டார்கள்.)

3

இன்று சந்தைக் கட்டடம் சரிந்துவிட்டது. காலையிலிருந்து தூக்கித் தூக்கி, அவளுடைய குழாய் வெறும் கண்ணாடியாகிவிட்டது. ஒரே ஒரு சுவர் மிச்சம். அதன் அடியில் அவளுடைய அண்ணன், கொத்தனார். உள்ளிருந்து தட்டும் சத்தம் கேட்கிறது. அவள் ஓடி வந்து நாற்காலியில் விழுந்தாள்.

[இங்கே நான் எழுந்து நடந்தேன். ஐயோ, என்ன காரியம் செய்துவிட்டேன்! சலித்தால்தான் சக்தி என்று விதித்தவன் நானே. அண்ணன் சுவருக்கடியில் கிடக்கும்போது எந்தத் தங்கைக்குச் சலிக்கும்?]

"மாமா, சீக்கிரம் பேசுங்க! எதையாவது பேசுங்க!"

"பேசறேம்மா. கீல்ல ரெண்டு வகை இருக்கு. ஒண்ணு வந்து..."

நீலம் ஒரு துளி கசிந்தது. மாமாவின் குரல் உடைந்தது.

"முடியலம்மா. நான் வாயத் திறந்தா எல்லாரும் ஓடுவாங்க. உங்கண்ணன் ஒருத்தன்தான் நின்னு கேப்பான்."

"எங்கண்ணனா? உங்ககிட்டயா?"

"உன்னக் கூட்டிட்டுப் போக வருவான்ல, அப்ப. நீ நல்லா சலிக்கணும்னு, வேலை செய்யற எடத்துலருந்து துருப்பிடிச்ச கீலா தேடிக் கொண்டாந்து குடுப்பான். 'இதப் பத்தி நாளைக்குப் பேசுங்க மாமா, என் தங்கச்சிக்குத் தெம்பு வரும்'பான்."

அவள் நாற்காலி நுனிக்கு வந்தாள். கண் இமைக்காமல் அவரையே பார்த்தாள். கசிந்திருந்த துளி நீலமும் வற்றிப்போனது.

4

முடிவு, ஒன்று: அண்ணன்மேல் வைத்த பாசத்தால் அவளுக்குள் புதுச் சக்தி பிறந்து—

அடித்துவிட்டேன். எழுதும்போதே வெட்கமாக இருந்தது. விதி விதிதான்.

முடிவு, இரண்டு: தட்டும் சத்தம் மெல்ல மெல்ல—

மாட்டேன். யார் கெஞ்சினாலும் எழுத மாட்டேன்.

5

இருங்கள், இருங்கள், வழி கிடைத்துவிட்டது! அவளால் சலிக்க முடியாது. மாமாவால் அறுக்க முடியாது. எனக்கோ பரபரப்பில் உட்காரவே முடியவில்லை. மிச்சம் இருப்பது நீங்கள்தான். விதியில் இப்போதே ஒரு வரி சேர்க்கிறேன்: வாசகருக்குச் சலித்தாலும் அவளுக்கு ஊறும். எழுதுகிறவனுக்கு இந்த உரிமைகூட இல்லையா?

அந்த அண்ணன்மேல் பாசம் வைத்துவிட்டவர்கள் தயவுசெய்து இங்கேயே எழுந்து போய்விடுங்கள். உங்களுக்குச் சலிக்காது, உங்களால் அவனுக்கு ஆபத்து. மற்றவர்கள் நன்றாகச் சாய்ந்துகொண்டு, மெதுவாகப் படியுங்கள்.

நேற்று திரைத்துணி வாங்கப் போனேன். கடைக்காரர் ஒரு துணியை விரித்தார். அதைச் சுருட்டிவிட்டு இன்னொன்றை விரித்தார். அதுவும் அதே அகலம். அதையும் சுருட்டினார். பிறகு

(தட்டுகிற சத்தத்தைக் காதில் வாங்காதீர்கள்.)

பிறகு, முதல் துணியை மறுபடியும் விரித்தார். அதே அகலம்தான். அதை