மூடிய கையில் ஜீப் சாவி

காண்ட்ராக்டர் சின்னதுரை, ஒன்றியத்துக்காக மலைமேல் ஒரு பாலத்தைக் கட்டி முடித்து ஐந்து வருஷம் ஆகிவிட்டது. பாலத்தில் பஸ் ஓடியது. ஒன்றிய அலுவலகத்திலிருந்து பணம்தான் வரவில்லை. கச்சிராயபாளையத்தில் இருந்த கரும்பு நிலத்தை விற்றுச் செலவழித்து கள்ளக்குறிச்சி கோர்ட்டில் ஜெயித்தான். தீர்ப்புக்கும் அவர்கள் அசையாததால், அலுவலக ஜீப்பை ஜப்தி செய்ய உத்தரவு வந்தது.

அன்று காலை ஒன்றிய அலுவலகத்தில் கோர்ட் அமீனா சுப்புராயன் உத்தரவைக் காட்டி ஜீப் சாவியை வாங்கி அவனிடம் கொடுத்தார். "நீயே ஓட்டுப்பா. நான் பக்கத்துல குந்திக்கிறேன்."

பாலத்தில் வேலை செய்து கூலி வராமல் நின்றவர்கள் ஏழு பேர் அவனை நம்பாமல் கூடவே வந்திருந்தார்கள். அவர்களில் ஜெயம்மாள், போன மாதம் அவன் வீட்டு வாசலில் நின்று மண் வாரித் தூற்றியவள். விறகு வெட்டும் கொடுவாள் அவள் இடுப்பில் இருந்தது.

ஒன்றியத் தலைவரின் மைத்துனன் கவியரசன் மூன்று ஆட்களோடு வந்தான். வந்ததும் அமீனாவை ஓர் அறைக்குள் தள்ளி வெளியே தாழிட்டான்.

"இன்னாடா, ஆபீஸ் வண்டிய ஓட்டிக்கினு போயிடுவியா? சாவியக் குடு."

"கோர்ட்டுல வந்து கேளுங்க."

முதல் அடி வாயில் விழுந்தது. இரண்டு பற்கள் நாக்கில் உருண்டன. கீழே விழுந்தவனின் சாவியை மூடியிருந்த வலது கையை இழுத்துப் படிக்கல்லில் வைத்து இரண்டு பேர் மிதித்துக்கொண்டார்கள்; மூன்றாமவன் கூலிக்காரர்களை மறித்து நின்றான். கவியரசன் ஜாக்கிக் கம்பியை ஓங்கினான். சுண்டுவிரல் முறிந்த சத்தம் சின்னதுரைக்கே கேட்டது.

"தொறடா. கை போயிடும்."

"போவட்டும்."

மறுபடியும் கம்பி இறங்கியது. திறந்துவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. விரல்கள் கேட்கவில்லை. நிலம் போயிற்று, மனைவியின் நகை போயிற்று, மிச்சமிருப்பது இந்தச் சாவிதான் என்று அவை பிடித்துக்கொண்டிருந்தன.

மூன்றாவது முறை ஓங்கிய கம்பி இறங்கவில்லை. ஜெயம்மாளின் கொடுவாள் கவியரசனின் தோளில் பதிந்திருந்தது. அவள் அதை இழுத்தபோது ரத்தம் சின்னதுரையின் முகத்தில் தெறித்தது. அவள் இன்னொரு முறை வெட்டினாள். அவனோடு வந்த மூவரும் சுவரேறிக் குதித்து ஓடினார்கள்.

ஆஸ்பத்திரியில் மயக்க ஊசி போட்டுத்தான் சின்னதுரையின் மூடிய கையைப் பிரித்தார்கள். கவியரசன் அடுத்த வார்டில் போலீஸ் காவலில் கிடந்தான். பிழைத்துக்கொண்டான், வலது கை மட்டும் தூக்க வரவில்லை. ஜெயம்மாளைச் சிறைக்குக் கொண்டுபோனார்கள்.

அறை ஜன்னல் வழியாகப் பார்த்ததையெல்லாம் அமீனா கோர்ட்டில் எழுதிக் கொடுத்தார். நீதிபதி ஒன்றிய அதிகாரியையே நேரில் வரச்சொன்னார். பத்தொன்பதாம் நாள் செக் வந்தது. சின்னதுரை ரசீதில் இடது கைப் பெருவிரலை உருட்டி வாங்கிக்கொண்டான்.

முதல் வேலையாக ஜெயம்மாளை ஜாமீனில் எடுத்தான். சிறை வாசலில் ஜெயம்மாள் அவன் கைக்கட்டை ஒருமுறை பார்த்தாள்.

"எண்பது நாள் கூலி. ஜாமீனுக்குக் கட்டினத அதுல கழிக்காத."

"கழிக்கலம்மா," என்றான். இடது கையால் நோட்டுகளை எண்ண வராமல், பணக்கட்டை அப்படியே அவளிடம் கொடுத்தான்.